அவசர சிகிச்சையிலும் ஐசியுவிலும் பிராங்கோஸ்கோப்பி: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நெருங்கியவர் ஐசியுவில் படுத்திருக்க, "பிராங்கோஸ்கோப்பி செய்யணும், கையெழுத்துப் போடுங்க" என்று சொன்னதும் குடும்பத்தாருக்கு எழும் கேள்விகளும், தீவிர சிகிச்சைப் பிரிவில் புதிதாகச் சேர்ந்த மருத்துவர்களும் செவிலியர்களும் கேட்கும் கேள்விகளும் இங்கே கலந்தே இருக்கின்றன. இரு தரப்பின் கவலையும் கடைசியில் ஒரே இடத்தில்தான் போய் நிற்கிறது: இதைச் செய்தால் சிகிச்சையில் எது மாறும்? அதனால் பிரித்து எழுதவில்லை.

பிராங்கோஸ்கோப்பி என்றால் என்ன? ஐசியுவில் செய்வதும் வெளிநோயாளிக்குச் செய்வதும் ஒன்றுதானா?

கருவி ஒன்றுதான். நுனியில் விளக்கும் கேமராவும் உள்ள, வளையக்கூடிய மெல்லிய குழாய். பெரியவர்களுக்கான ஸ்கோப் சுமார் 5 முதல் 6 மில்லிமீட்டர் தடிமன் இருக்கும். அதற்குள் 2 முதல் 2.8 மில்லிமீட்டர் அகலத்தில் ஒரு துளை ஓடுகிறது. சளியை உறிஞ்சுவது, மருந்து விடுவது, சிறு இடுக்கியை நுழைப்பது எல்லாம் அந்த ஒரு துளை வழியாகத்தான். கட்டைவிரலால் ஒரு நெம்புகோலை அசைத்தால் நுனி மேலும் கீழும் மடங்கும். பக்கவாட்டில் திருப்ப வேண்டுமென்றால் மணிக்கட்டைத்தான் திருப்ப வேண்டும். முதல்முறை பிடிப்பவர்களுக்குக் குழப்பமே இதில்தான்.

மாறுவது நோயாளியின் நிலை. வெளிநோயாளி சாப்பிடாமல், நடந்து வந்து, தேதி குறித்துப் படுக்கிறார். ஐசியு நோயாளிக்கோ ஆக்சிஜன் ஏற்கெனவே போதவில்லை, ரத்த அழுத்தத்தை மருந்து தாங்கிப் பிடித்திருக்கிறது, ஸ்கேன் அறைக்குக் கூட நகர்த்த முடியாது. படுக்கையிலேயே செய்தாக வேண்டும். அவர் மூச்சுவிடும் அதே பாதையில்தான் ஸ்கோப்பும் போகிறது. ஆபத்துகளில் பெரும்பாலானவை இந்த ஒரு காரணத்திலிருந்து கிளம்புபவை.

எந்த மாதிரி சமயங்களில் இது தேவைப்படும்?

உடனடியாக எதையாவது சரிசெய்ய ஒரு ரகம்: கெட்டிச் சளி அடைத்து ஒரு பக்க நுரையீரல் சுருங்கிப்போனது, இருமலில் ரத்தம் கொட்டுவது, மூச்சுக்குழாயில் ஏதோ சிக்கியது, வாய் திறக்க முடியாதவருக்குச் சுவாசக் குழாய் (மூச்சு கொடுக்க மூச்சுக்குழாய்க்குள் செருகும் குழாய்) போட வேண்டியது. தெரிந்துகொள்ள இன்னொரு ரகம்: நிமோனியாவுக்கு எந்தக் கிருமி காரணம், தீப்புகை உள்ளே எவ்வளவு தூரம் போயிருக்கிறது, விபத்தில் மூச்சுக்குழாய் கிழிந்திருக்கிறதா. முதல் ரகத்தில் முடிவெடுப்பது பெரும்பாலும் எளிது. விவாதம் வருவதெல்லாம் இரண்டாவதில்.

வென்டிலேட்டர் போட்டவருக்கு ஏற்கெனவே ஒரு குழாய் இருக்கிறதே, அதற்குள் இன்னொன்றா?

ஆமாம், குழாய்க்குள் குழாய்தான். இங்கே ஒரு சின்னக் கணக்கைப் பார்த்துவிட வேண்டும்.

உள்விட்டம் 7 மில்லிமீட்டர் உள்ள சுவாசக் குழாயில் 5 மில்லிமீட்டர் ஸ்கோப் போனால், இன்னும் 2 மில்லிமீட்டர் மிச்சம் இருக்கிறதே என்று தோன்றும். காற்று போவதோ பரப்பளவில். அப்படிக் கணக்குப் போட்டால் பாதி வழி அடைந்துவிடுகிறது. ஸ்கோப் 5.7 மில்லிமீட்டர் என்றால் மூன்றில் இரண்டு பங்கு போச்சு. அதே 5.7 ஸ்கோப் 8 எண் குழாயில் (எண் என்பது மில்லிமீட்டரில் உள்விட்டம்) பாதியையும், 9 எண் குழாயில் ஏறத்தாழ 40 சதவீதத்தையும் அடைக்கும். குழாயே போடாத ஒரு பெரியவரின் மூச்சுக்குழாயில் அது பிடிக்கும் இடம் 10 சதவீதம்தான். குழாயின் உள்விட்டம் ஸ்கோப்பின் தடிமனைவிடக் குறைந்தது 2 மில்லிமீட்டராவது அதிகம் இருக்க வேண்டும் என்ற விதியும், பின்னால் பிராங்கோஸ்கோப்பி தேவைப்படலாம் என்று தோன்றும் நோயாளிக்கு முடிந்தால் 8 எண் குழாய் போடுங்கள் என்று சொல்வதும் இதனால்தான்.

அடைப்பினால் இரண்டு பக்கமும் சிக்கல். உள்ளே போகும் காற்றை வென்டிலேட்டர் அழுத்தித் தள்ளிவிடும். வெளியே வரும் காற்றைத் தள்ள யாரும் இல்லை, அது தானாக வர வேண்டும். வழி குறுகினால் முழுவதும் வெளியேறாமல் உள்ளேயே தேங்கும். மூச்சுக்கு மூச்சு தேங்கிக்கொண்டே போனால் ரத்த அழுத்தம் இறங்கலாம், நுரையீரல் கிழிந்து காற்று வெளியே கசியலாம்.

அப்படியானால் என்ன முன்னேற்பாடு செய்கிறார்கள்?

ஆக்சிஜனை 100 சதவீதத்துக்கு உயர்த்தி, சில நிமிடங்கள் பொறுத்துத்தான் தொடங்குவது. வென்டிலேட்டரில் அழுத்த அலாரத்தின் உச்ச வரம்பை ஏற்றி வைக்க வேண்டும். ஏற்றாமல் விட்டால் ஸ்கோப் நுழைந்ததும் அழுத்தம் எகிறும், வரம்பைத் தொட்டதும் இயந்திரம் மூச்சைப் பாதியில் நிறுத்திவிடும். நோயாளிக்கு எதுவுமே போய்ச் சேராது. திரையில் காட்டும் அந்த உயர்ந்த அழுத்தம் பெரும்பாலும் ஸ்கோப்புக்கு மேலே உள்ளது. நுரையீரலுக்குள் அவ்வளவும் போய்ச் சேர்வதில்லை. ஆகவே பார்க்க வேண்டியது ஒவ்வொரு மூச்சிலும் திரும்பி வரும் காற்றின் அளவை. 450 மில்லி கொடுத்து 200 மில்லிதான் திரும்பி வருகிறதென்றால், மீதி உள்ளே தேங்குகிறது அல்லது எங்கோ கசிகிறது.

உறிஞ்சும் பொத்தானை அழுத்தும்போது சளி மட்டும் வருவதில்லை, நுரையீரலில் இருக்கும் ஆக்சிஜனும் சேர்ந்தே போகிறது. அதனால் சில விநாடிகள் உறிஞ்சி, விட்டு, மறுபடி உறிஞ்ச வேண்டும். நோயாளி கடித்துவிடாமல் இருக்க வாயில் ஒரு கட்டை. விலை அதிகமுள்ள ஸ்கோப்புகள் இறந்துபோவது பெரும்பாலும் பற்களுக்கு இடையில்தான்.

இன்னொன்று, புத்தகத்தில் அவ்வளவாக எழுதாதது. ஸ்கோப் உள்ளே போனதும் அறையில் உள்ள எல்லாருடைய கண்ணும் கேமராத் திரைக்குப் போய்விடும். பார்க்க சுவாரசியமாக இருக்கும், மறுக்கவில்லை. ஆனால் ஒருவர் மட்டும் அந்தத் திரைக்கு முதுகைக் காட்டி, மானிட்டரைப் பார்த்து எண்களைச் சத்தமாகச் சொல்லிக்கொண்டே இருக்க வேண்டும்: "தொண்ணூத்தி நாலு... தொண்ணூத்தி ஒண்ணு... எண்பத்தி ஒன்பது, வெளிய எடுங்க." இன்னொருவரின் கை சுவாசக் குழாயை வாயோரத்தில் பிடித்தபடியே இருக்க வேண்டும். ஸ்கோப்பை வெளியே இழுக்கும்போது குழாயும் கூடவே வந்துவிட்டால், ஒரு சாதாரணச் செயல்முறை அந்த நொடியே அவசரநிலை ஆகிவிடும்.

சளி அடைத்து நுரையீரல் சுருங்கிவிட்டது என்கிறார்கள். உறிஞ்சி எடுத்தால் சரியாகிவிடுமா?

சில நேரம் கண்ணெதிரே சரியாகும். பெரிய கிளைக்குழாயை அடைத்திருந்த கெட்டிச் சளிக் கட்டி வெளியே வந்ததும், ஆக்சிஜன் அளவு அங்கேயே ஏறுவதைப் பார்க்கலாம். ஐசியுவில் அதைப்போல் மனநிறைவு தரும் வேலைகள் குறைவு. அதனாலேயே தேவையில்லாத இடத்திலும் இதைச் செய்யத் தூண்டும்.

1979-இல் வெளியான ஓர் ஆய்வு, நுரையீரலின் ஒரு மடல் திடீரெனச் சுருங்கியவர்களில் பிராங்கோஸ்கோப்பியையும் முறையான மூச்சுப் பயிற்சி, உடற்பயிற்சி சிகிச்சையையும் ஒப்பிட்டது. சிறிய ஆய்வுதான். பிராங்கோஸ்கோப்பி கூடுதலாக ஒன்றும் சாதிக்கவில்லை என்று தெரிந்தது. அதில் கிடைத்த இன்னொரு குறிப்பு இன்றும் தினமும் பயன்படுகிறது: எக்ஸ்ரேயில் வெளுத்துப்போன பகுதிக்குள் காற்று நிரம்பிய கிளைக்குழாய்கள் கறுப்புக் கோடுகளாகத் தெரிந்தால், சுருக்கம் மெதுவாகத்தான் விலகும். காரணம் எளிது. கறுப்புக் கோடு தெரிகிறதென்றால் பெரிய குழாய்கள் திறந்துதான் இருக்கின்றன, அடைப்பு ஸ்கோப் எட்டாத ஆழத்தில் இருக்கிறது. அங்கே போய் எதை உறிஞ்சுவது?

எனவே கோடுகள் தெரியவில்லை, ஒரு மடலோ முழு நுரையீரலோ சட்டென்று வெளுத்துவிட்டது, ஆக்சிஜன் இறங்குகிறது, பிசியோதெரபிக்குக் காத்திருக்க முடியாது என்றால் ஸ்கோப் போடலாம். கழுத்துத் தண்டுவடம் அடிபட்டு இருமவே முடியாதவர்கள், விலா எலும்புகள் உடைந்து வலியில் இருமாதவர்கள் ஆகியோரிடம் சீக்கிரமே முடிவெடுப்பது நியாயம்தான். மற்றவர்களுக்கு முதலில் புரட்டிப் படுக்க வைத்தல், தட்டுதல், ஈரப்பதம் ஏற்றிய காற்று, வலி மருந்து. அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்.

கடும் ஆஸ்துமாவில் இன்னும் யோசிக்க வேண்டும். சளிக் கட்டிகள் அடைத்திருப்பது உண்மைதான், ஆனால் ஸ்கோப் பட்டதும் குழாய்கள் மேலும் இறுகக்கூடும்.

இருமும்போது ரத்தம் கொட்டுகிறது. பிராங்கோஸ்கோப்பி ரத்தத்தை நிறுத்துமா?

பெரும்பாலும் அதனால் மட்டும் நிறுத்த முடியாது. நேரம் வாங்கித் தரும். அந்த நேரம்தான் உயிரைக் காக்கிறது.

இந்த நோயாளிகள் ரத்தம் இழந்து இறப்பது குறைவு. மூச்சுத்திணறி இறப்பதே அதிகம். மூக்கிலிருந்து நுண்காற்றறைகளின் வாசல் வரை உள்ள காற்றுப்பாதை முழுவதின் கொள்ளளவே பெரியவர்களுக்குச் சுமார் 150 மில்லிதான். ஒரு சிறு டம்ளர் ரத்தம் போதும், பாதை நிரம்பிவிடும். ஆகவே முதல் வேலை ஸ்கோப்பைத் தேடுவது கிடையாது. எந்தப் பக்கம் ரத்தம் வருகிறதென்று தெரிந்தால் அந்தப் பக்கம் கீழே இருக்கும்படி நோயாளியைச் சாய்த்துப் படுக்க வைக்க வேண்டும், நல்ல நுரையீரலுக்குள் ரத்தம் ஓடாமல் இருக்க. குழாய் போட வேண்டி வந்தால் 8 அல்லது அதற்கு மேல். சிறிய குழாய் போட்டால் பிறகு ஸ்கோப் நுழையாது, ரத்தக்கட்டியும் வெளியே வராது.

ஸ்கோப் எங்கே வருகிறது? எந்தப் பக்கம் என்று கண்டுபிடிக்க, ஐஸ் குளிர் உப்புநீரையோ நீர்த்த அட்ரினலினையோ அந்த இடத்தில் விட, ரத்தம் வரும் கிளைக்குழாயின் வாசலில் ஒரு சிறு பலூனை வைத்து ஊதி அடைக்க. முடியாவிட்டால் சுவாசக் குழாயையே ஸ்கோப்பின் மேல் சறுக்கவிட்டு நல்ல பக்கக் கிளைக்குள் இறக்கி, அந்த ஒரு நுரையீரலை மட்டுமாவது காப்பாற்றலாம். வலது பக்கம் இப்படிச் செய்யும்போது ஒரு சிக்கல் உண்டு. வலது மேல்மடலின் கிளை மிகவும் மேலேயே பிரிவதால் குழாயின் பலூன் அதை அடைத்துவிடும்.

திரை முழுவதும் சிவப்பாகி எதுவுமே தெரியாமல் போவதும், 2 மில்லிமீட்டர் துளை ரத்தக்கட்டியால் அடைத்துக்கொள்வதும் சகஜம். அப்படிப்பட்ட கட்டத்தில் அகலமான உலோகக் குழலாலான ரிஜிட் பிராங்கோஸ்கோப் மேலானது. அதன் வழியாகவே மூச்சும் கொடுக்கலாம், பெரிய உறிஞ்சுகுழாயும் நுழைக்கலாம். ஆனால் அதைக் கையாளத் தெரிந்தவர் எல்லா நேரமும் கிடைக்கமாட்டார். புதியவர்களுக்கு ஒரு வார்த்தை: ரத்தம் நின்றிருக்கும் இடத்தில் ஒட்டிக்கொண்டிருக்கும் கட்டியை ஆர்வத்தில் பிடுங்காதீர்கள். ரத்தத்தை நிறுத்தி வைத்திருப்பதே அதுவாக இருக்கலாம்.

இப்படி ரத்தம் கொட்டுபவர்களில் சுமார் பத்தில் ஒன்பது பேருக்கு மூலம், நுரையீரல் கிளைக்குழாய்களுக்குப் போகும் தமனிகள்தான். நிரந்தரத் தீர்வு பெரும்பாலும் அவற்றை உள்ளிருந்தே அடைக்கும் எம்போலைசேஷன். நோயாளி ஓரளவு நிலையாக இருந்தால் முதலில் ரத்தக்குழாய்களைக் காட்டும் ஸ்கேனான சிடி ஆஞ்சியோகிராம் எடுப்பது புத்திசாலித்தனம். காச நோயின் பழைய குழிவு, பூஞ்சைக் கட்டி, விரிந்துபோன குழாய்கள், புற்றுநோய் என்று காரணத்தையும் அது காட்டிவிடும்.

குழந்தையின் தொண்டையில் ஏதோ சிக்கிவிட்டது. உடனே பிராங்கோஸ்கோப்பி செய்ய வேண்டுமா?

அழவும் முடியாமல், இருமவும் முடியாமல், நிறம் மாறிக்கொண்டிருந்தால் ஸ்கோப்புக்கெல்லாம் நேரமே இல்லை. ஒரு வயதுக்கு மேற்பட்டவர்களுக்கு முதுகில் 5 தட்டு, அப்புறம் வயிற்றை அணைத்து உள்நோக்கி மேல்நோக்கி 5 அழுத்தம், மாறி மாறி. ஒரு வயதுக்குட்பட்ட குழந்தைக்கு வயிற்றை அழுத்தக் கூடாது, முதுகில் தட்டி நெஞ்சில் அழுத்த வேண்டும். நினைவிழந்தால் உடனே சிபிஆர். பலமாக இருமிக்கொண்டிருந்தால் தடுக்காமல் இருமவிடுங்கள். வாய்க்குள் கண்ணை மூடிக்கொண்டு விரலை விட்டுத் துழாவாதீர்கள், பொருள் இன்னும் உள்ளே போகும்.

பிராங்கோஸ்கோப்பி வருவது அடுத்த கட்டத்தில், பொருள் குரல்நாணைத் தாண்டி உள்ளே போய், ஏதோ கொஞ்சம் காற்று போய்க்கொண்டிருக்கும்போது. இங்கே ஏமாற்றும் ஒரு இடைவேளை உண்டு. சாப்பிடும்போது குழந்தை திடீரென்று பயங்கரமாக இருமியது, பிறகு அமைதியாகி விளையாடப் போய்விட்டது. "சரி, போயிடுச்சு" என்று எல்லாரும் நிம்மதி ஆகிவிடுகிறார்கள். நாட்கள் கழித்து ஒரு பக்கம் மட்டும் வீசிங், விடாத காய்ச்சல் என்று வருவார்கள். வேர்க்கடலை எக்ஸ்ரேயில் தெரியாது. எக்ஸ்ரே சாதாரணமாக இருக்கிறது என்பதை வைத்து ஒன்றும் இல்லை என்று சொல்லிவிட முடியாது. அந்த இருமலைப் பற்றிப் பெற்றோர் சொல்லும் விவரம் எக்ஸ்ரேயைவிடப் பெரிய சாட்சி. கேட்காவிட்டாலும் சொல்லுங்கள்.

குழந்தைகளுக்குப் பொதுவாக அறுவை அரங்கில், முழு மயக்கத்தில், ரிஜிட் ஸ்கோப். இந்தத் துறையே அப்படித்தான் பிறந்தது. 1897-இல் ஜெர்மனியின் ஃபிரைபர்க்கில் குஸ்தாவ் கில்லியன் ஒரு விவசாயியின் வலது கிளைக்குழாயில் சிக்கிய பன்றி எலும்பை உலோகக் குழல் வழியாக எடுத்தார். வளையும் ஸ்கோப் வர ஏறக்குறைய எழுபது ஆண்டுகள் ஆயின. ஜப்பானின் ஷிகெட்டோ இகேடா 1966-இல் அதை உலகுக்குக் காட்டினார். பெரியவர்களுக்கு இன்று வளையும் ஸ்கோப்பிலேயே கூடை, இடுக்கி, உறையவைத்து ஒட்டி இழுக்கும் கம்பி ஆகியவற்றால் எடுத்துவிடுவார்கள். மாத்திரை உள்ளே போயிருந்தால், குறிப்பாக இரும்புச்சத்து மாத்திரை, தாமதிக்கக் கூடாது. அது கரைந்து குழாயின் சுவரை வேதித் தீப்புண்ணாக்கிவிடும்.

விழித்திருக்கும்போதே குழாய் போடுவார்களாமே, உண்மையா?

உண்மை. கேட்கும்போது கொடூரமாகத் தோன்றினாலும், சிலருக்கு அதுதான் பாதுகாப்பான வழி. தாடை திறக்கவில்லை, நாக்கும் தொண்டையும் ஒவ்வாமையால் வீங்கிவிட்டன, தாடைக்கடியில் சீழ், கழுத்தெலும்பு முறிவு என்றால், மயக்கம் கொடுத்த நொடியில் தசைகள் தளர்ந்து இருக்கும் வழியும் மூடிக்கொள்ளலாம். விழித்திருக்கும்வரை அவரே தன் மூச்சைக் காத்துக்கொள்கிறார்.

மூக்கிலும் தொண்டையிலும் லிக்னோகெயின் தெளித்து மரத்துப்போகச் செய்து, மெல்லிய அமைதி மருந்து மட்டும் கொடுத்து, உட்கார்ந்த நிலையில், மூக்கு வழியாக வேகமான ஆக்சிஜன் ஓடிக்கொண்டிருக்கும்போதே ஸ்கோப் போகிறது. ஸ்கோப்பின் மேல் சுவாசக் குழாய் முன்பே கோத்திருக்கும். குரல்நாணைத் தாண்டியதும் அதைச் சறுக்கி இறக்குவார்கள். உள்ளே போகாமல் முட்டிக்கொண்டு நின்றால் பெரும்பாலும் குரல்நாணுக்குப் பக்கத்தில் உள்ள குருத்தெலும்பில் இடிக்கிறது. அழுத்தக் கூடாது. சற்றுப் பின்னிழுத்து, கடிகாரத்துக்கு எதிர்த்திசையில் 90 டிகிரி திருப்பினால் வழுக்கிக்கொண்டு போய்விடும். லிக்னோகெயினுக்கு உச்சவரம்பு உண்டு. பிரிட்டனின் கடின மூச்சுப்பாதைச் சங்கம் 2020-இல் தந்த வழிகாட்டுதல்படி, கொழுப்பு நீங்கிய உடல் எடையில் கிலோவுக்கு 9 மில்லிகிராம். வெவ்வேறு ஆட்கள் வெவ்வேறு இடத்தில் தெளிக்கும்போது கூட்டுத்தொகையைக் கணக்கு வைப்பது ஒருவருடைய பொறுப்பாக இருக்க வேண்டும். நாக்கு மரமரப்பு, காதில் இரைச்சல், வலிப்பு ஆகியவை அளவு மீறியதன் அறிகுறிகள்.

வாய் வழியாகக் குரல்நாணைத் திரையில் காட்டும் வீடியோ லாரிங்கோஸ்கோப் வந்த பிறகு இதன் தேவை குறைந்துவிட்டது. ஆனால் வாயே திறக்காதவருக்கு வீடியோ லாரிங்கோஸ்கோப்பை எங்கே வைப்பது? வாயெல்லாம் ரத்தமும் வாந்தியுமாக இருந்தால் மட்டும் ஸ்கோப் தோற்றுவிடும். கேமராவுக்கு ஒன்றும் தெரியாது. அதனால்தான் தொடங்கும் முன்பே கழுத்தில் அவசரமாகத் துளையிட வேண்டிய இடத்தைப் பேனாவால் குறித்து வைப்பார்கள்.

நிமோனியாவுக்கு நுரையீரலைக் கழுவிப் பரிசோதிக்கச் சொல்கிறார்கள். அவசியமா?

ஸ்கோப்பின் நுனியை ஒரு சிறு கிளையில் பொருந்தச் செருகி, உப்புநீரைத் தவணைகளாக, மொத்தம் 100 முதல் 300 மில்லி வரை விட்டு உறிஞ்சி எடுப்பது இது. பாக்டீரியா ஒரு மில்லிக்கு 10,000 அல்லது அதற்கு மேல் வளர்ந்தால் தொற்று என்று எடுத்துக்கொள்வது வழக்கம். போகும் வழியில் சளியை உறிஞ்சிக்கொண்டே போனால் மேல்பாதைக் கிருமிகள் துளைக்குள் ஏறி முடிவைக் கெடுத்துவிடும். எனவே மாதிரி எடுக்கும் வரை பொத்தானில் கை வைக்காமல் இருப்பது நல்ல பழக்கம்.

வென்டிலேட்டரில் வந்த நிமோனியாவுக்கு எல்லாருக்கும் இது வேண்டுமா என்பது பழைய சண்டை. 2000-இல் 413 பேரை வைத்து பிரான்சில் நடந்த ஆய்வில், ஸ்கோப் வழியாக மாதிரி எடுத்தவர்களிடம் 14 நாளில் இறப்பு குறைவாக இருந்தது. 2006-இல் கனடாவினர் நடத்திய 740 பேர் ஆய்வில், சுவாசக் குழாயிலிருந்து சாதாரணமாக உறிஞ்சி எடுத்த சளிக்கும் இதற்கும் இறப்பில் வித்தியாசமே இல்லை. 2016-இல் அமெரிக்க தொற்றுநோய்ச் சங்கமும் மார்புநோய்ச் சங்கமும் சேர்ந்து தந்த பரிந்துரை, முதலில் எளிய வழியில் எடுத்த சளியே போதும் என்பது. எனக்கும் அதுவே சரியாகப் படுகிறது.

கதை மாறுவது நோய் எதிர்ப்புச் சக்தி குறைந்தவர்களிடம். புற்றுநோய் மருந்து எடுப்பவர், உறுப்பு மாற்றம் செய்தவர், எச்ஐவி உள்ளவர் ஆகியோருக்கு நியூமோசிஸ்டிஸ், பூஞ்சை, வைரஸ், காசநோய் என்று பட்டியல் நீளும், ஒவ்வொன்றுக்கும் மருந்து வேறு. நுரையீரலுக்குள்ளேயே ரத்தம் கசிகிறதா என்ற சந்தேகத்துக்கும் இது நல்ல விடை தரும். அடுத்தடுத்து எடுக்கும் நீர் வெளுக்காமல் மேலும் மேலும் சிவந்தால் பதில் கிடைத்துவிட்டது. வென்டிலேட்டர் இல்லாமல் ஆக்சிஜனிலேயே சமாளித்துக்கொண்டிருப்பவருக்குத்தான் முடிவு மிகக் கடினம். கழுவிய பின் ஆக்சிஜன் அளவு பல மணி நேரம் இறங்கி இருக்கும், அதனாலேயே குழாய் போட வேண்டி வரலாம். இதை முன்கூட்டியே குடும்பத்திடம் சொல்லிவிட வேண்டும்.

தீ விபத்து, சாலை விபத்தில்?

மூடிய அறையில் புகையில் மாட்டியவருக்குக் குழாய்களில் கரி, சிவப்பு, வீக்கம், உரிந்த உட்சவ்வு எவ்வளவு என்று பார்த்து 0 முதல் 4 வரை தரம் பிரிப்பார்கள். நெஞ்சில் பலத்த அடி பட்டு, காற்றை வெளியேற்ற நெஞ்சில் டியூப் போட்டும் நுரையீரல் விரியவில்லை, டியூபில் காற்றுக் குமிழி நிற்கவே இல்லை என்றால், பெரிய குழாய் கிழிந்திருக்கலாம். மழுங்கிய அடியில் கிழிசல் பெரும்பாலும் மூச்சுக்குழாய் இரண்டாகப் பிரியும் இடத்திலிருந்து 2.5 சென்டிமீட்டருக்குள் இருக்கும். ஸ்கோப் அதைக் காட்டுவதோடு, சுவாசக் குழாயைக் கிழிசலைத் தாண்டி வைக்கவும் உதவும்.

டிரக்கியாஸ்டமி (கழுத்தில் துளையிட்டு மூச்சுக்குழாய்க்குள் வைக்கும் குழாய்) போடும்போது ஸ்கோப் எதற்கு?

கழுத்தில் ஊசி குத்துவதை உள்ளிருந்து பார்க்க. ஊசி நடுக்கோட்டில் வருகிறதா, பின்சுவரைக் குத்துகிறதா என்று திரையில் தெரியும். பின்சுவருக்கு அந்தப் பக்கம் உணவுக்குழாய் இருக்கிறது. சுவாசக் குழாயை மேலே இழுத்து வைத்திருப்பார்கள், அதில் ஸ்கோப்பும் இருக்கும். ஆகவே ரத்தத்தில் கரியமில வாயு ஏறும். மூளைக் காயம் உள்ளவர்களிடம் இது கவனிக்க வேண்டிய விஷயம்.

யாருக்குச் செய்யக் கூடாது?

100 சதவீத ஆக்சிஜனிலும் அளவு ஏறாதவர், கட்டுக்கடங்காத இதயத் துடிப்புக் கோளாறு உள்ளவர், அண்மையில் மாரடைப்பு வந்தவர், மண்டைக்குள் அழுத்தம் மிகுந்தவர் ஆகியோரிடம் ஒத்திப்போட முடிந்தால் ஒத்திப்போடுவார்கள். உயிர்போகும் அடைப்பு என்றால் இந்தப் பட்டியலே மாறிவிடும். அடைப்பை எடுப்பதுதான் ஆக்சிஜனை ஏற்றும் ஒரே வழியாக இருக்கலாம்.

ரத்தத் தட்டணுக்களைப் பற்றி அதிகம் கேட்கிறார்கள். வெறுமனே பார்ப்பதற்கும் கழுவி எடுப்பதற்கும் 20,000-க்கு மேல் இருந்தால் பொதுவாகப் போதும். சதைத் துணுக்கு எடுக்க 50,000 வேண்டும், ரத்தம் உறைவதைத் தடுக்கும் குளோபிடோக்ரல் போன்ற மருந்தைச் சில நாள் முன்பே நிறுத்தியிருக்கவும் வேண்டும். வென்டிலேட்டரில் இருப்பவரிடம் நுரையீரல் சதை எடுத்தால் காற்றுக் கசிவு அபாயம் நன்றாகவே கூடுகிறது. அவ்வளவு அவசியம் இருந்தாலொழிய எடுப்பதில்லை.

வலிக்குமா? அவருக்குத் தெரியுமா?

வென்டிலேட்டரில் இருப்பவருக்கு ஆழ்ந்த உறக்கமும் வலி மருந்தும் கொடுத்தே செய்வார்கள். விழித்திருப்பவருக்கு வலியைவிட மூச்சு முட்டுவதுபோன்ற உணர்வும் இருமலும்தான் அதிகம். பக்கத்தில் ஒருவர் நின்று அடுத்து என்ன நடக்கும் என்று சொல்லிக்கொண்டே இருந்தால் பாதிப் பயம் குறையும்.

முடிந்த பிறகு காய்ச்சல் வந்துவிட்டது. ஏதோ தவறு நடந்துவிட்டதா?

கழுவி எடுத்த பிறகு சில மணி நேரத்தில் காய்ச்சல் வருவது வழக்கமாகப் பார்ப்பதுதான். பெரும்பாலும் ஒரு நாளுக்குள் அடங்கிவிடும். சளியில் ரத்தக்கோடு தெரிவதும் அப்படியே. கவலைப்பட வேண்டியவை வேறு: வென்டிலேட்டர் அழுத்தம் திடீரென ஏறுவது, ஒரு பக்க நெஞ்சு அசையாமல் போவது, ரத்த அழுத்தம் இறங்குவது. இவை காற்றுக் கசிவின் அறிகுறிகள். எக்ஸ்ரேயோ அல்ட்ராசவுண்டோ உடனே தேவை. விழித்திருப்பவர் என்றால் தொண்டையின் மரமரப்பு போகும் வரை, சுமார் 2 மணி நேரம், தண்ணீர்கூடக் கொடுக்காதீர்கள். பாசத்தில் ஒரு வாய் கொடுத்துவிடுவார்கள், அது நேராக நுரையீரலுக்குப் போகும்.

ஒருவருக்குப் போட்ட ஸ்கோப்பை இன்னொருவருக்கும் போடுவார்களா? தொற்று வராதா?

மறுபயன்பாட்டு ஸ்கோப்பைப் படுக்கையருகிலேயே முதலில் அலச வேண்டும், சளி காய்ந்தால் பிறகு போகாது. பிறகு ஓட்டை இருக்கிறதா என்று சோதனை, துளைக்குள் பிரஷ், உயர்நிலைக் கிருமிநீக்கம், முழுமையாக உலர்த்தல். ஒரு படி தவறினாலும் கிருமி அடுத்தவருக்குப் போகலாம். ஒருமுறை பயன்படுத்தி எறியும் ஸ்கோப்புகள் 2009 முதல் உள்ளன. கோவிட் காலத்தில் பரவலாகின. தொற்று அபாயம் கூடுதலாக உள்ள இடங்களில் அவற்றைப் பரிசீலிக்கச் சொல்லி அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம் 2021-இல் அறிவுறுத்தியது. நடு இரவில் பெட்டியைப் பிரித்து உடனே போடலாம் என்பது ஐசியுவுக்குப் பெரிய வசதி. குப்பை பெருகுகிறது, அதையும் சொல்லத்தான் வேண்டும்.

கையெழுத்துப் போடும் முன் என்ன கேட்க வேண்டும்?

"இதில் என்ன தெரிந்தால் சிகிச்சையை எப்படி மாற்றுவீர்கள், டாக்டர்?" என்று கேளுங்கள். தெளிவான பதில் வந்தால் செய்வதற்கு அர்த்தம் இருக்கிறது. "என்ன வந்தாலும் இதே மருந்துதான்" என்றால், இன்று செய்ய வேண்டுமா என்று மறுபடி பேசலாம். செய்யாவிட்டால் என்ன ஆகும், ஆக்சிஜன் இறங்கினால் என்ன திட்டம், குழாய் போட வேண்டி வருமா என்பவையும் கேட்க வேண்டியவைதான். கேட்டால் கோபித்துக்கொள்வார்களோ என்று தயங்க வேண்டாம். அடைப்பாலோ ரத்தத்தாலோ மூச்சே நிற்கும் நிலையில் மட்டும் கேள்வியைப் பிறகு வைத்துக்கொள்ளுங்கள்.

சளி மறுபடி மறுபடி அடைக்கிறது. ஒவ்வொரு முறையும் பிராங்கோஸ்கோப்பிதானா?

செய்யலாம், தடையில்லை. ஆனால் இரண்டு நாளில் மூன்றாவது முறையாக ஸ்கோப்பை எடுக்கிறோம் என்றால் அடைப்பின் காரணத்தைத் தேட வேண்டிய நேரம் வந்துவிட்டது. வென்டிலேட்டர் காற்றுக்கு ஈரப்பதம் போதுமா, குழாயில் மாட்டும் ஈரம் காக்கும் வடிகட்டிக்குப் பதில் சூடாக்கி ஈரமூட்டும் கருவி போடலாமா, உடலில் நீர் மிகவும் குறைந்துவிட்டதா, உறக்க மருந்து அதிகமாகி இருமலே வரவில்லையா, பிசியோதெரபி உண்மையில் எத்தனை முறை நடக்கிறது, சுவாசக் குழாயின் உள்சுவரிலேயே சளி காய்ந்து படிந்து வழி குறுகிவிட்டதா. கடைசியாகச் சொன்னது என்றால் குழாயை மாற்ற வேண்டும்.